சஸ்பென்ஷன் ஆணை மலையேறிய கதை

அரசு அலுவலகத்தில் சம்பள பில் போடுகிற குமாஸ்தாவை யாரும் நினைவில் வைத்துக்கொள்வதில்லை; சஸ்பென்ஷன் ஆணையை நீட்டுகிற குமாஸ்தாவை யாரும் மறப்பதில்லை. எண்பதுகளில் ஏற்காட்டில் அந்த இரண்டு வேலையும் என் தலையில்தான் விழுந்தன. ஃபைலோடு மாரடித்த உங்களுக்கு இதை நான் விளக்க வேண்டியதில்லை.

பாதிச் சம்பளம்

எங்கள் பியூன் ஒருவன் சொல்லாமல் கொள்ளாமல் மட்டம் போட்டே சஸ்பெண்ட் ஆனான். ஆணையைக் கொடுக்க அவன் ஊரான மாரமங்கலம் போனேன். அவன் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டு உள்ளே போய்விட்டான். அவன் அப்பாதான் என்னை விடவில்லை. வேலை போய்விடவில்லை, விசாரணை முடிகிறவரை பிழைப்பூதியம் என்று பாதிச் சம்பளம் வரும் என்று சமாதானம் சொன்னேன். அவர் திருப்பிக் கேட்டார்.

“ஏனுங்க, ஆபீசுல சும்மா உக்காந்திருந்தப்ப முழுச் சம்பளம் குடுத்தீங்க. அதே மாதிரி ஊட்டுல சும்மா உக்காந்தா பாதிதானுங்களா?”

யாருக்கு அதிகாரம்?

எங்கள் ஜீப் டிரைவர் சின்னுசாமிக்கு மலைமேலேயே கொட்டச்சேடு என்கிற ஊர். ஓய்வு பெறப் போகிற மாதத்தில் அவர்மேல் ஒரு மொட்டைக் கடிதாசி வந்தது. மச்சானுடைய மிளகு மூட்டைகளை அரசு ஜீப்பில் ஏற்றினாராம். கூப்பிட்டுக் கேட்டால், “ஏத்துனது நெசந்தானுங்க” என்று ஒப்புக்கொண்டுவிட்டார். எங்கள் அதிகாரி மாதம் முழுக்கச் சும்மா இருந்தார். பிரிவுபசாரத்துக்கு மாலையும் போண்டாவும் சொல்லியாகிவிட்ட கடைசி நாள் காலையில்தான் அவருக்குக் கோபம் வந்தது. அன்றைக்குள் சஸ்பெண்ட் செய்தால் மனுஷனுக்கு ஓய்வு கிடையாது, விசாரணை முடிகிறவரை முழுப் பென்ஷனும் கிடையாது. பொழுது தாண்டிவிட்டால் ஒன்றும் செய்ய முடியாது.

ஆணையை டைப் அடிக்கச் சொன்னார். “வேலைக்கு நியமித்த அதிகாரிதான் சஸ்பெண்ட் செய்யலாம் சார். சின்னுசாமியை நியமித்தவர் சேலத்தில் இருக்கிறார். நீங்கள் போட்டால் செல்லாது” என்றேன். திறந்த பேனாவை மூடி வைத்தார்.

“அப்போ இந்த ஆபீஸ்ல எனக்கு என்னதான்யா அதிகாரம் இருக்கு?”

அவசரத் தபால்

சேலத்துக்கு ட்ரங்க் கால் போட்டார். அங்கே கையெழுத்துப் போடத் தயார், ஆள் வந்து வாங்கிக்கொள்ள வேண்டும் என்றார்கள். பஸ்ஸை நம்பினால் அன்றைக்குத் திரும்ப முடியாது. இருந்ததோ ஒரே ஜீப், ஒரே டிரைவர். ‘அவசரத் தபால்’ என்று சொல்லி என்னையும் ஏற்றி அனுப்பிவிட்டார்கள். சின்னுசாமியின் சஸ்பென்ஷன் ஆணையை வாங்கிவர சின்னுசாமியே வண்டி ஓட்டினார்.

ஆணையை உறையில் வாங்கிக்கொண்டு திரும்பி வரும்போது ஒரு கொண்டையூசி வளைவில் ரேடியேட்டர் புகைந்தது. இறங்கித் தண்ணீர் ஊற்றினார். வண்டி இங்கேயே கிடக்கட்டும், இருட்டட்டும் என்று நான் மனசார வேண்டிக்கொண்டேன். அவர் என் மடியிலிருந்த உறையைப் பார்த்துவிட்டு, “அதுல என்ன இருக்குதுன்னு தெரியுமுங்க” என்றார். “அப்ப மெதுவாப் போலாமே அண்ணா” என்று எப்படியோ சொல்லிவிட்டேன். அவர் ஏறி உட்கார்ந்து வண்டியைக் கிளப்பினார்.

“மொளகு ஏத்துனேன்னு சொல்லட்டுமுங்க, அது நெசம். மலையில வண்டிய நிறுத்திப்போட்டேன்னு மட்டும் ஒருத்தன் சொல்லப்படாதுங்க.”

மாலை

வெளிச்சம் இருக்கும்போதே ஆபீஸ் வந்துவிட்டோம். அதிகாரி ஆணையைக் கொடுத்தார், சின்னுசாமி வாங்கிக் கையெழுத்துப் போட்டு, ஜீப் சாவியை மேஜைமேல் வைத்தார். வாங்கி வைத்த மாலையைப் போடுவதா வேண்டாமா என்று தெரியாமல் நாங்கள் ஆளுக்கொரு பக்கம் முழித்தோம். கடைசியில் யாரும் போடவில்லை.

ஓய்வு பெற்ற புருஷனை ஊருக்கு அழைத்துப்போக அவர் மனைவி புதுச்சேலை கட்டிக்கொண்டு வாசலில் காத்திருந்தார். “ஏனுங்க, ரிடையர் ஆயாச்சுங்களா?” என்று சிரித்தபடி கேட்டார். சின்னுசாமி செருப்பை மாட்டிக்கொண்டே பதில் சொன்னார்.

“இல்ல புள்ள. கவர்மெண்டு என்னை விட மாட்டேங்குது.”

சஸ்பெண்ட் செய்ய யாருக்கு அதிகாரம் என்று விதி தெளிவாகவே சொல்கிறது. அந்த அதிகாரத்தை மலைமேல் ஏற்றிக்கொண்டு வருவது யார் வேலை என்றுதான் எதிலும் எழுதி வைக்கவில்லை.