எக்கோ பாய்

எங்கள் ஊர் கணபதியில் 'எக்கோ' என்று சொன்னால் முதலில் ஞாபகத்துக்கு வருவது ஒரு மனிதர்தான். மைக்செட் கடை வைத்திருந்த ஷேக் பரீத். அவர் பெயரைச் சொல்லி வழி கேட்டால் நாலு பேர் முழிப்பார்கள். எக்கோ பாய் கடை எங்கே என்று கேட்டால், டீக்கடைக்காரர் டீ ஆற்றுவதை நிறுத்தாமலே தாடையால் வழி காட்டுவார். அந்தப் பெயர் வரக் காரணம் ஒரு சாம்பல் நிறப் பெட்டி. சிங்கப்பூரிலிருந்து வந்த யாரிடமோ அவர் வாங்கியது. மைக்கில் பேசுவதை வாங்கி, ஒன்றை மூன்றாக்கித் திருப்பி விடும்.

கச்சேரிக்காரர்கள் "பாய், எக்கோ கொஞ்சம் ஏத்துங்க" என்பார்கள். தொண்டை சரியில்லாதவன் இன்னும் கொஞ்சம் ஏற்றச் சொல்வான். கட்சிக் கூட்டத்தில் தலைவர் பெயர் மூன்று தடவை கேட்க வேண்டும், வாக்குறுதி ஒரு தடவை கேட்டால் போதும். என் மச்சினன் ஒருத்தன், பெண்டாட்டி சொன்னதையே நம்மிடம் வந்து சொல்கிறவன், அவனுக்கும் எக்கோ என்றுதான் பட்டப்பெயர். பிற்பாடு அப்பாவுக்கு நெஞ்சு வலி வந்து, டாக்டர் சீட்டில் 'எக்கோ' என்று எழுதிக் கொடுத்தபோது, ஆஸ்பத்திரியில் மைக்செட் எதற்கு என்று கேட்டு நர்ஸிடம் வாங்கிக் கட்டிக்கொண்டேன். எங்கள் தோட்டத்துக் கிணற்றுக்கு மட்டும் அந்த வார்த்தை தேவைப்படவில்லை. எட்டிக் கத்தினால் உள்ளேயிருந்து பதில் வரும். கிணற்றுக்குள் ஆள் இருக்கிறது, பக்கத்தில் போகாதே என்று சொல்லி வளர்த்தார்கள். நாங்களும் நம்பினோம்.

நான் கதிர்வேல். மோட்டாருக்குக் காயில் கட்டுகிறவன். பாய் கடையிலிருந்து மூன்று கடை தள்ளி என் பட்டறை. எனக்கு வாய் கொஞ்சம் நீளம். அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் நடந்ததில் பாதி என் வாயால் நடந்தது.

பரீத் பாய் ஒல்லியான ஆள். வேலைக்குப் போகும்போதும் சலவை செய்த வெள்ளைச் சட்டைதான் போடுவார். வயர் இழுப்பதில், ஸ்பீக்கரை எந்தத் திசையில் திருப்பினால் எந்தத் தெருவுக்குக் கேட்கும் என்பதில், அவரை மிஞ்ச ஆள் கிடையாது. ஆனால் கசிகிற கரண்டை மண்ணுக்குள் இறக்கிவிடும் எர்த் கம்பி அடிக்க மாட்டார். மைக்கைத் தொட்டால் சுள்ளென்றால் ப்ளக்கைப் பிடுங்கித் திருப்பிக் குத்துவார். அதற்கும் அடங்காவிட்டால் மைக்கில் கர்ச்சீப்பைச் சுற்றிப் பிடிக்கச் சொல்வார். அவர் மட்டுமில்லை, அப்போது ஊரிலிருந்த மைக்செட்காரர்கள் எல்லோருக்கும் இதுதான் வைத்தியம். நான் பத்துத் தடவையாவது சண்டை போட்டிருப்பேன். "ஒண்ணும் ஆகாதுங்க கவுண்டரே" என்று சிரிப்பார். இருபது வருஷமாக ஒன்றும் ஆகவில்லை. அதுதான் வினையாகப் போனது.

அவருக்கும் தாஜுன்னிசாவுக்கும் கல்யாணமாகி எட்டு வருஷம் கழித்துப் பிறந்தவள் இல்மா. ஒரே பெண். ஒன்பது வயதில் எங்கள் தெருவில் அவள் பேசாத ஆள் கிடையாது. அவள் படித்த பள்ளியில் தொண்ணூற்றிரண்டாம் வருஷம் ஆண்டு விழாவுக்கு மோகனப்பிரியா டீச்சர் ஒரு இங்கிலீஷ் நாடகம் போட்டார். கிரேக்க தேசத்துக் கதை. நிறையப் பேசுகிறாள் என்பதற்காக ஒரு பெண்ணைத் தெய்வம் சபித்துவிடுகிறது. அன்றிலிருந்து அவளாக எதுவும் பேச முடியாது, அடுத்தவர் பேசி முடித்த கடைசிச் சொல்லைத்தான் திருப்பிச் சொல்ல முடியும். ஒருவனை நினைத்து ஏங்கி ஏங்கி அவள் உடம்பு கரைந்து, குரல் மட்டும் மலையில் நிற்கிறது. அவள் பெயர்தான் எக்கோ. பாய்க்கு அன்றுதான் தன் பெட்டியின் பெயர் எங்கிருந்து வந்தது என்று தெரிந்தது. அந்த வேஷம் இல்மாவுக்கு என்று தெரிந்ததும் கடை கடையாக வந்து சொன்னார். எனக்கு மட்டும் மூன்று தடவை சொன்னார்.

இல்மா வேஷத்தை வீட்டுக்கும் கொண்டுவந்துவிட்டாள். தாஜுன்னிசா "சோறு திங்க வா" என்றால் "வா" என்பாள். நான் "எங்க போற கண்ணு" என்றால் "கண்ணு" என்பாள். பத்து நாள் எங்கள் தெருவே அவளிடம் யோசித்துப் பேசியது.

விழா அன்று காலை நான் அங்கே இல்லை. பாய் சொல்லித்தான் தெரியும். புழுதி அடங்க மைதானத்தில் தண்ணீர் தெளித்திருந்தார்கள். எக்கோ பெட்டியை ஓடவிட்டு, மேடைக்குக் கீழே நின்று இல்மா மைக்கில் ஒத்திகை பார்த்தாள். காலில் செருப்பில்லை. ஒரு கையில் மைக். இன்னொரு கை பந்தலின் இரும்புக் குழாயைப் பிடித்தது. ஃப்யூஸ் போய் எல்லாம் நின்றது. அவர் ஓடிப் போய்ச் சேர்வதற்குள் முடிந்துவிட்டது.

"சுள்ளுன்னு ஒரு தடவ கூட அடிக்கல தாஜு. திடீர்னு பாஞ்சுருச்சு. அம்மான்னு ஒரு வார்த்த கூப்பிட்டா" என்று தாஜுன்னிசாவிடம் சொன்னார். அந்த 'அம்மா'வைத்தான் அவள் பிடித்துக்கொண்டாள். துக்கம் கேட்க வந்தவர்களிடமெல்லாம் அதைச் சொன்னாள். வெள்ளிக்கிழமை தொழுகை முடிந்து பாய் சாப்பிட உட்கார்ந்தால், நல்லாக் கேட்டுச்சா, அம்மான்னுதான் சொன்னாளா என்று கேட்பாளாம். அவர் தலையைக் குனிந்துகொண்டு, ஆமாம் என்பாராம். மூன்று வருஷம் ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் இது நடந்திருக்கிறது.

அதன்பிறகு பாய் வேறு ஆளாகிவிட்டார். போகிற இடமெல்லாம் இரும்புக் கம்பியும் குடமும் கொண்டுபோவார். குழி தோண்டி எர்த் அடித்து, தண்ணீர் ஊற்றி, தன் கையால் தொட்டுப் பார்த்த பிறகுதான் அடுத்தவரை மைக்கைத் தொட விடுவார். யாராவது கர்ச்சீப்பை எடுத்தால் மெயினை அணைத்துவிட்டுக் கீழே இறங்கிவிடுவார். எக்கோ பெட்டியை வெளியே எடுக்கவே இல்லை. வீட்டில் பீரோ மேல் வைத்து, இல்மாவின் ஸ்கூல் பையை அதன் மேல் வைத்திருந்தார். ஆனாலும் ஊர் அவரை எக்கோ பாய் என்றே கூப்பிட்டது. கூப்பிடும்போதெல்லாம் அவர் முகம் ஒரு கணம் செத்துப் போகும். எனக்குத் தெரிந்தும் நானும் அப்படியேதான் கூப்பிட்டேன். பழக்கம்.

தொண்ணூற்றைந்தில் ஒரு நாள் மத்தியானம் தாஜுன்னிசா மிக்ஸி மோட்டார் புகைகிறது என்று என் பட்டறைக்கு எடுத்து வந்தாள். நான் பிரித்துக்கொண்டிருந்தபோது, அந்தப் பெட்டி சும்மாவே கிடக்கிறதே, யாருக்காவது கொடுத்தால் என்ன என்று கேட்டாள். சரி என்று மட்டும் சொல்லியிருக்கலாம். எனக்குத் தெரிந்த வித்தையைக் காட்டாமல் இருக்க முடியவில்லை. உள்ளே அரைஞாண் கயிறு நீளத்துக்கு ஒரு டேப், முனையோடு முனை ஒட்டியிருக்கும், அது நாலு விநாடிக்கு ஒரு சுற்று வரும், சுற்றும்போதே பழையதை அழித்துப் புதியதை எழுதும் என்று விளக்கினேன். அதோடாவது விட்டேனா?

"நடுவுல கரண்ட் போச்சுன்னு வெச்சுக்குங்க அம்மணி, கடைசியாப் பேசுனது அழியாம அதுலயே நின்னு போயிருமுங்க" என்றேன்.

சொல்லி முடிக்கும்போதே என்ன சொன்னேன் என்று எனக்கு உறைத்தது. அவள் மிக்ஸியை அப்படியே விட்டுவிட்டுப் போய்விட்டாள்.

சாயங்காலம் பட்டறையைச் சாத்தும் நேரத்துக்கு பாய் வந்தார். என்னைத் திட்ட வந்திருக்கிறார் என்று நினைத்தேன். ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"அவ அம்மான்னு கூப்பிடவே இல்லீங்க" என்றார். "கை சுள்ளுங்குதுன்னுதான் சொன்னா. எங்கிட்டத்தான் சொன்னா."

ஆம்ப்ளிஃபையர் பக்கத்தில் அவர் கையிலும் ஒரு மைக் இருந்திருக்கிறது. அதில் அவர் பதில் சொல்லியிருக்கிறார். இரண்டும் அந்த டேப்பில் இருக்கிறது. மூன்று வருஷமாக அதை ஓடவிடவும் தைரியமில்லை, குப்பையில் போடவும் மனமில்லை. நாளைக்குத் தாஜு பெட்டியைத் தூக்கிக்கொண்டு வருவாள், டேப் பூஞ்சை பிடித்துப் போய்விட்டது என்று மட்டும் சொல்லிவிடுங்கள் என்று கெஞ்சினார். அந்த ஒரு வார்த்தை போனால் அவள் எதைப் பிடித்துக்கொண்டு இருப்பாள் என்று கேட்டார்.

எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. நான் பத்துத் தடவை சொன்ன எர்த் கம்பி கண் முன்னால் நின்றது. பெத்த புள்ளையைக் கொன்னுபோட்டு, பெத்தவளுக்குப் பொய்யை ஊட்டுகிறீர்களா, என் நாக்கு பொய் சொல்லாது என்று கத்தினேன். அவர் எழுந்து போய்விட்டார். நியாயத்துக்காகக் கோபப்பட்டேன் என்று அப்போது நினைத்துக்கொண்டேன். இப்போது அப்படித் தோன்றவில்லை. நான் சொன்னதுதான் சரி என்று நிரூபிக்க எனக்கு ஒரு சாட்சி வேண்டியிருந்தது.

மறுநாள் காலை அவள் வந்தாள். பெட்டியை ஒரு சேலையில் சுற்றி மார்போடு அணைத்திருந்தாள். பாய் பின்னாலேயே வந்து வாசலில் நின்றார். அழிக்கிற ஹெட்டின் வயரையும், எழுதுகிற ஹெட்டின் வயரையும் வெட்டினேன். இனி அதனால் எதையும் அழிக்க முடியாது, எழுத முடியாது, இருப்பதைத்தான் திரும்பத் திரும்பச் சொல்ல முடியும். ஸ்விட்சைப் போட்டேன்.

"அத்தா, கை சுள்ளுங்குது."

"ஒண்ணும் ஆகாது."

அதற்குப் பிறகு ஒரு சின்னச் சிரிப்பு. பத்து நாளாக விளையாடிய அதே விளையாட்டு. "ஆகாது" என்றாள் இல்மா.

அவ்வளவுதான் இருந்தது. ஒரு மூச்சு விடும் இடைவெளி விட்டு மறுபடியும் தகப்பனைக் கூப்பிட்டு அத்தா என்று ஆரம்பித்தது. என் கோபம் போன இடம் தெரியவில்லை. ஏழோ எட்டோ சுற்று ஓடியிருக்கும். தாஜுன்னிசா இப்போது எழுந்து புருஷனை அடிப்பாள், அல்லது மயங்கி விழுவாள் என்று பார்த்துக்கொண்டிருந்தேன். அவள் பொய்யைப் பற்றிக் கேட்கவே இல்லை.

"மூணு வருசமா எம்புள்ள பீரோ மேலயா இருந்தா?" என்றாள். "எங்கிட்ட ஏங்க சொல்லல?"

பெட்டியை அதே சேலையில் சுற்றி எடுத்துக்கொண்டு போனாள். அதன்பிறகு தினமும் காலையில் வீட்டு வேலை முடிந்ததும் அதை ஓடவிடுவாள். அரிசி புடைத்துக்கொண்டே, துணி மடித்துக்கொண்டே கேட்பாள். அந்த நேரத்தில் பாய் வீட்டில் இருக்க மாட்டார். ஆனால் கடைக்குப் பின்னாலேயே வீடு, சுவரைத் தாண்டிக் கடை வரைக்கும் அவர் குரல் அவரைத் தேடி வரும். ஒண்ணும் ஆகாது. ஒண்ணும் ஆகாது. மூன்று தெருவுக்குக் கேட்கிற மாதிரி ஸ்பீக்கர் வைக்கத் தெரிந்த மனிதருக்கு, அந்தச் சின்னச் சத்தத்திலிருந்து ஒளிய இடம் கிடைக்கவில்லை.

ஒரு நாள் என்னிடம் வந்து, தன் பேச்சு இருக்கிற துண்டை மட்டும் வெட்டி ஒட்ட முடியுமா என்று கேட்டார். முடியும். அவளிடம் போய்க் கேட்டேன்.

"வேண்டாங்கண்ணா. அவரு சொன்னாத்தானே அவ சொல்லுவா" என்றாள்.

அதை நான் பாயிடம் போய்ச் சொல்லவில்லை. முடியாது என்று மட்டும் சொன்னேன்.

தொண்ணூற்றேழில் குரல் மங்குகிறது, வந்து பாருங்கள் என்று ஆள் அனுப்பினாள். ஸ்பிரிட்டும் பஞ்சும் எடுத்துக்கொண்டு போனேன். மூடியைத் திறந்ததும் விஷயம் தெரிந்துவிட்டது. ஹெட்டைச் சுற்றிச் செம்மண் நிறத்தில் தூள் கொட்டிக் கிடந்தது. டேப் தேய்ந்துகொண்டிருந்தது. தேய்கிற டேப்பில் மெல்லிய குரல்தான் முதலில் போகும், கனத்த குரல் கடைசி வரைக்கும் நிற்கும். அதைச் சரி செய்ய வழி கிடையாது. சும்மாவாவது செய்ய வேண்டுமே என்று துடைத்து, ஸ்விட்சைப் போட்டேன்.

ஒரு இரைச்சல். பிறகு பாயின் குரல், "ஒண்ணும் ஆகாது." பிறகு இரைச்சல். மறுபடியும் "ஒண்ணும் ஆகாது." குழந்தையின் குரல் இருந்த இடத்தில் ஒன்றுமில்லை. காதை ஸ்பீக்கரில் வைத்துக் கேட்டேன். ஒன்றுமே இல்லை.

தாஜுன்னிசாவின் முகம் மலர்ந்திருந்தது.

"தொடச்ச பொறவு எத்தன தெளிவா கேக்குது. சிரிக்கறா பாருங்க" என்றாள். பிறகு கொஞ்சம் சந்தேகம் வந்தவள்போல என்னைப் பார்த்தாள். "உங்களுக்குக் கேக்குதுங்களாண்ணா?"

பாய் கதவுநிலையைப் பிடித்துக்கொண்டு நின்றிருந்தார். அவருக்கு எந்தக் காதும் தேவையில்லை, டேப்பைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் அவருக்கும் தெரியும்.

"கேக்குதுங்க அம்மணி" என்றேன்.

"என்ன சொல்றா?"

பெட்டிக்குள் அவர் குரல் வந்து போனது. நான் அது முடியக் காத்திருந்தேன்.

"ஆகாதுன்னு சொல்றாளுங்க" என்றேன்.

அவள் தலையாட்டிவிட்டு, முறத்தை எடுத்து அரிசி புடைக்க உட்கார்ந்தாள். பாய் என் முகத்தைப் பார்க்கவில்லை, நானும் அவரைப் பார்க்கவில்லை. பெட்டி ஓடிக்கொண்டிருந்தது. அதை நிறுத்தச் சொல்ல எங்கள் இரண்டு பேருக்கும் வாய் வரவில்லை.