அறுபத்து நாலாம் மாடியிலிருந்து நம்ம வீடு

அந்தக் கட்டிடத்துக்கு அறுபத்து நாலு மாடி. அதற்கும் மேலே, நகரத்தை நாலா பக்கமும் பார்த்து ரசிப்பதற்கென்று, சுற்றிலும் கண்ணாடித் தடுப்பு வைத்த ஒரு மொட்டைமாடி. டிக்கெட் வாங்கிக்கொண்டு அங்கே போகிற ஜனங்களைப் பதினாலு வருடமாக ஏற்றி இறக்குபவர் லிஃப்ட்காரர். நாளொன்றுக்கு நாற்பது நடை. அத்தனையையும் கூட்டிப் பார்த்தால் மனுஷர் இந்நேரம் பூமியை ஒரு சுற்று வந்திருப்பார். அந்த மொட்டைமாடியில் மட்டும் அவர் நடந்த தூரம் மொத்தம் இரண்டடி.

அந்த இரண்டடியும் வேலைக்குச் சேர்ந்த முதல் நாளே நடந்து முடிந்துவிட்டது. கதவு திறந்தது, சும்மா எட்டிப் பார்ப்போமே என்று வெளியே கால் வைத்தார். முதல் அடியில் காற்று முகத்தில் அடித்தது. இரண்டாவது அடியில், கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஒன்றுமே இல்லை என்பது உறைத்தது. முழங்கால் இரண்டும் ராஜினாமா கொடுத்துவிட, இருந்த இடத்திலேயே உட்கார்ந்துவிட்டார். மேலே தொலைநோக்கிகளைக் கவனித்துக்கொள்ளும் ஊழியர் ஓடிவந்து, அக்குளில் கைகொடுத்துத் தூக்கி, மூட்டையைத் தள்ளுவதுபோல் லிஃப்டுக்குள் தள்ளினார். கதவு மூடிய பிறகுதான் போன உயிர் திரும்பி வந்தது. லிஃப்டுக்குள் அவருக்குப் பயமே கிடையாது. அது ஓர் அறை. நாலு சுவர், ஒரு மின்விசிறி, பொத்தான் வரிசை. எவ்வளவு மேலே போனாலும் அறை அறைதானே.

அன்று சாயங்காலம் மனைவி வாசலிலேயே காத்திருந்தாள். கல்யாணமாகி எட்டே மாதம்.

"மேல போய்ப் பாத்தீங்களா?"

"பாத்தேனே."

"என்ன தெரிஞ்சுது?"

"எல்லாமே தெரிஞ்சுது."

"நம்ம வீடு?"

பத்துப் பேர் முன்னால் தரையில் உட்கார்ந்த கதையை எட்டு மாத மனைவியிடம் சொல்ல எந்தப் புருஷனுக்கு மனசு வரும்? "தெரியாம என்ன? பதினோரு மணிக்கு நீ மாடில துணி காயப்போட்டுக்கிட்டு இருந்தே" என்றார். விடுமுறை நாட்களில் அவள் எப்போது துணி காயப்போடுவாள் என்று பார்த்து வைத்திருந்தவர்தான். குருட்டாம்போக்கில் விட்டது சரியாகப் போய் விழுந்தது. அவள் முகத்தில் வந்த வெளிச்சத்தைப் பார்த்ததும், இந்தப் பொய்க்கு ஆயுசு கெட்டி என்று அவருக்கே தெரிந்துவிட்டது.

மறுநாளிலிருந்து அவள் பதினோரு மணிக்கு வீட்டு மொட்டைமாடியில் நின்று அந்த உயரக் கட்டிடத்தைப் பார்த்து ஒரு தடவை கையை ஆட்டினாள். அவர் சாயங்காலம் வந்து, "கையை ஆட்டினியே, பாத்தேன்" என்றார். குடும்பம் நன்றாகவே நடந்தது.

மற்ற விவரங்களுக்கும் பஞ்சமில்லை. மேலே ஏறுகிறவர்கள் மாடி எண்ணைப் பார்த்தபடி வாயை மூடிக்கொண்டு நிற்பார்கள். நாற்பதாவது மாடியில் காது அடைக்கும். "எச்சி முழுங்குங்க, சரியாப் போயிடும்" என்று அவர் சொன்னதும் பதினைந்து தொண்டைகள் ஒன்றாக ஏறி இறங்கும். இறங்கி வருகிறவர்கள்தான் பேசுவார்கள். ஆற்றில் தண்ணீர் வற்றிப்போனது, புதுப் பாலம் பாதியில் நிற்பது, விளையாட்டு மைதானம் மேலிருந்து பார்த்தால் கழிவறைத் தொட்டி மாதிரி இருப்பது எல்லாம் அவர் காதால் பார்த்தவை. ஆறு பச்சை என்று ஒருவர் சொல்வார், பழுப்பு என்று இன்னொருவர் சொல்வார்; இரண்டையும் கலந்து ஒரு நிறத்தை வீட்டுக்குக் கொண்டுபோவார். கேட்கிறவர்கள் தெருவுக்குள் பெருகினார்கள். அங்கே அவருக்கு 'மேலிடம்' என்றே பெயர் விழுந்துவிட்டது. கடைத்தெருவில் நெரிசலா, தண்ணீர் லாரி எந்தப் பக்கம் நிற்கிறது என்று ஏதாவது சந்தேகம் வந்தால், "எதுக்கும் மேலிடத்தைக் கேட்டுக்குவோம்" என்பார்கள். மேலிடங்கள் வழக்கமாகச் செய்வதைத்தான் இவரும் செய்தார்: தெரியாததையும் தெரிந்த முகத்தோடு சொன்னார்.

கண்டம் வருடத்துக்கு ஒரு தடவை வந்தது. ஊழியர்களின் குடும்பத்தாரை இலவசமாக மேலே கூட்டிப்போகும் குடும்ப நாள். முதல் பத்து வருடம் அவள் பெரிதாகக் கேட்கவில்லை. இந்த மூன்று வருடமாகத்தான் விடாப்பிடியாக நின்றாள். ஒரு வருடம் கண்ணாடி துடைக்கிறார்கள் என்றார். அடுத்த வருடம் ஒரே மூடுபனி என்றார். போன வருடம் அவருக்கே காய்ச்சல் வந்தது. வெயிலில் வைத்து எடுத்த வெப்பமானிக்கு எவ்வளவு காய்ச்சல் இருக்குமோ அவ்வளவு. இந்த வருடம் நிர்வாகம் அழைப்பை நேரே வீட்டுக்குத் தபாலில் அனுப்பிவிட்டது.

"நான் வரேன்" என்றாள். கேள்வியாகச் சொல்லவில்லை.

அன்று லிஃப்டை இன்னொருவர் ஓட்டினார். மேலிடம் தன் சீருடையிலேயே மனைவிக்குப் பக்கத்தில் பயணியாக நின்றார். பதினாலு வருட மரியாதை அறுபத்து நாலு மாடி தூரத்தில் முடியப்போகிறது. மேலே போய் "எங்கே நம்ம வீடு, காட்டுங்க" என்று ஒரு வார்த்தை கேட்டால் தீர்ந்தது. வீடு எந்தத் திசை என்றுகூட அவருக்கு நிச்சயமில்லை. நாற்பதாவது மாடியில் எச்சில் விழுங்கப் பார்த்தார். வாயில் எச்சில் இல்லை.

கதவு திறந்தது. மனைவி இறங்கிவிட்டாள். முழங்காலை ஒரு கையால் தாங்கியபடி, ஆனால் ராணுவ அதிகாரி பார்வையிட வந்ததுபோல் நடந்தாள். அவர் ஓரடி வைத்து வாசலை ஒட்டியிருந்த இரும்புக் கம்பியைக் கட்டிப் பிடித்துக்கொண்டார்.

தொலைநோக்கி ஊழியருக்கு ஒரே பார்வையில் நிலவரம் புரிந்தது. முதல் நாள் அவரைத் தூக்கி உள்ளே தள்ளிய அதே ஆள்; வீட்டில் சொல்லும் பதினோரு மணிக் கதையும் தெரிந்தவர். நண்பர் மானத்தைக் காப்பாற்ற வேண்டுமென்ற நல்ல எண்ணம் அவருக்கு வந்தது. இந்த நல்ல எண்ணம் வராமல் இருந்திருந்தால் விஷயம் பாதியில் முடிந்திருக்கும்.

"வாங்க அண்ணி வாங்க. அண்ணன் உங்களைப் பத்திப் பேசாத நாளே இல்ல. பதினோரு மணி ஆச்சுன்னா இங்க வந்து நின்னு ஒரு பார்வை பாத்தாத்தான் அவருக்கு டீயே இறங்கும்."

"அப்படியா?" என்றாள் அவள். "எங்க நின்னு பாப்பாரு?"

ஊழியர் பக்கத்திலிருந்த தொலைநோக்கியைத் தட்டினார். "இதோ, இதுலதான் அண்ணி. இதை வேற யாருக்கும் விட மாட்டாரு."

"இது எந்தப் பக்கம்?"

"கிழக்கு."

அவள் தொலைநோக்கி நீட்டிக்கொண்டிருந்த திசையைப் பார்த்தாள்.

"நம்ம வீடு மேற்கேல்ல இருக்கு" என்றாள்.

ஊழியர் தலையைச் சொறிந்தார். "திருப்பிக்கலாம் அண்ணி, சுத்தும்" என்றார். ஆனால் அவள் அதற்குள் கிழக்குப் பக்கமே குனிந்து கண்ணை வைத்துவிட்டாள். ஒவ்வொரு மொட்டைமாடியாகத் தேட ஆரம்பித்தாள். தண்ணீர்த் தொட்டி, துணிக்கொடி, மறுபடி தண்ணீர்த் தொட்டி.

"என்ன தேடுறே?" என்று கம்பியிலிருந்து குரல் கொடுத்தார் மேலிடம்.

"மஞ்ச நைட்டி."

"உன்னோடதா?"

"அதான் தெரியணும், யாரோடதுன்னு."

 அவள் கண்ணை எடுக்காமலே, பக்கத்தில் நிற்கிறவர்களைப் பற்றிக் கவலைப்படாமல் பேசினாள். "முட்டி வலி வந்து மூணு வருஷமாச்சு. நாப்பத்து நாலு படி ஏற முடியல. நீங்க எட்டிக்கூடப் பாக்காத பின்பக்கம் பால்கனில ஸ்டாண்டு வாங்கி வெச்சு அதுலதான் துணி போடுறேன். முத நாளு உங்ககிட்ட சொல்லத்தான் இருந்தேன். நீங்க செருப்பைக் கழட்டும்போதே சொன்னீங்க, 'இன்னைக்கு மஞ்ச நைட்டில பளிச்சுனு தெரிஞ்சே'ன்னு. என் மஞ்ச நைட்டி அன்னைக்கு வாளில ஊறிக்கிட்டு இருந்துச்சு."

ஊழியர் இரண்டடி பின்னால் நகர்ந்தார்.

"மூணு வருஷம்" என்றாள் அவள். "தினமும் வந்து யாரையோ பாத்தேன்னு சொல்றீங்க. அது நான் இல்ல. குடும்ப நாளுன்னா மூடுபனிங்கறீங்க, காய்ச்சலுங்கறீங்க. கேட்டா ஏதாவது ஒண்ணு சொல்லுவீங்க. அதான் ஒரு தடவை நேர்லயே வந்து அவ மூஞ்சியப் பாத்துடலாம்னு இருந்தேன்."

கோழை என்று தெரிந்துவிடும் என்றுதான் மனுஷர் பதினாலு வருடம் பயந்தார். இப்போது அதைவிடப் பெரிய பழி ஒன்று அவர் தலையில் ஏறியிருந்தது. அவர் கோழை என்று நிரூபித்தால்தான் அது இறங்கும். நிரூபிக்க வேண்டுமானால் கம்பியை விட வேண்டும்.

விட்டார். நடந்தார் என்று சொல்வது அதிகப்படி. முதல் மூன்றடி நடை, அப்புறம் குனிந்த நடை, கடைசியில் இரண்டு கையும் தரையில். சுற்றிப் பார்க்க வந்த குடும்பங்கள் வழிவிட்டு ஒதுங்கின. ஒரு குழந்தை, "அப்பா, அந்த மாமா எதையோ தொலைச்சுட்டாரு" என்றது. மனைவியின் கால் வரைக்கும் வந்து அவள் புடவை நுனியைப் பிடித்துக்கொண்டார்.

"நான் இங்க வந்ததே இல்ல" என்றார் தரையைப் பார்த்தபடி.

"என்னது?"

"சத்தியமா. மொத நாளு ரெண்டு அடி. இன்னைக்குத்தான் மறுபடி. எனக்கு உயரம்னா ஆகாது. மஞ்ச நைட்டியும் இல்ல, மைதானமும் இல்ல, ஆறும் இல்ல. எல்லாம் கீழ இறங்குறவங்க பேசிக்கிட்டது. உன்னப் பத்தி மட்டும் நானா சொன்னது."

அவள் ஊழியரைத் திரும்பிப் பார்த்தாள்.

"உண்மைதான் அண்ணி" என்றார் அவர் பரிதாபமாக. "நான்தான் தூக்கி உள்ள போட்டேன். அண்ணன் அரிசி மூட்டை கனம்."

"அப்ப கிழக்கு?"

"சும்மா சொன்னேன் அண்ணி. பக்கத்துல அதான் இருந்துச்சு."

அவள் குனிந்து கணவனின் கையைத் தொட்டுப் பார்த்தாள். நனைத்துப் பிழிந்ததுபோல் இருந்தது. உதடு வெளுத்திருந்தது. மோவாய் ஒரு பக்கமாக ஆடிக்கொண்டிருந்தது. இன்னொருத்தியைப் பார்க்கத் தினமும் இங்கே வந்து நிற்கிற ஆளுக்கு இவ்வளவு தத்ரூபமாக நடுங்க வராது. அவள் முட்டியைப் பிடித்துக்கொண்டு மெதுவாக அவருக்குப் பக்கத்திலேயே தரையில் உட்கார்ந்தாள். மூன்று வருடமாக நெஞ்சில் வைத்திருந்ததை ஒரே மூச்சாக வெளியே விட்டாள்.

"பாவி மனுஷா," என்றாள், "வெறும் பொய்யா? இதை முன்னாடியே சொல்லியிருந்தா நான் நிம்மதியாத் தூங்கியிருப்பேனே."

"கோவம் இல்லியா?"

"இருக்கு. அதை வீட்டுக்குப் போய்ப் பாத்துக்கலாம்."

இருவரும் லிஃப்ட் பக்கமாக நகர்ந்து சுவரில் முதுகைச் சாய்த்துக்கொண்டார்கள். அவர் கண்ணை மூடியே இருந்தார். சீருடையைப் பார்த்துவிட்டு ஒரு பெரியவர் வந்து, தூரத்தில் இருக்கிற அந்த வட்டக் கட்டிடம் என்ன என்று கேட்டார்.

"தெரியாதுங்க" என்றார் மேலிடம்.

"அதுக்குப் பக்கத்துல?"

"அதுவும் தெரியாதுங்க. எனக்கு ஒண்ணுமே தெரியாது."

சம்பளம் வாங்குகிறவன் இவ்வளவு சந்தோஷமாக இதைச் சொல்கிறானே என்று பெரியவர் முணுமுணுத்துக்கொண்டே போனார். மனைவி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். தோள் குலுங்கியது. அந்தக் குலுங்கலில் அவருக்கு மறுபடி பயம் வந்து அவள் கையை இறுக்கிக்கொண்டார்.

மறுநாள் வழக்கம்போல் வேலைக்குப் போனார், வழக்கம்போல் வந்தார். செருப்பைக் கழற்றும்போது அவள் கேட்டாள்.

"இன்னைக்கு என்ன பாத்தீங்க?"

அவர் யோசித்தார். பதினாலு வருடத்தில் முதல் தடவையாக, பார்த்ததை நினைவுபடுத்திப் பார்த்தார்.

"கதவு."

"அப்புறம்?"

"தொறந்துச்சு. மூடுச்சு."

"எத்தனை தடவை?"

"நாப்பது."

"சரி, கை கழுவிட்டு வாங்க" என்றாள். அன்று ராத்திரி வீட்டில் முதலில் குறட்டை விட்டது அவள்தான்.