என் முதுகுத்தண்டில் இருந்த மணல்

அதை முதலில் கவனித்தது நானல்ல, ஜெலுத்தோங் காலைச் சந்தையில் கீரை விற்கும் பெண். "அக்கா, ஒரு சிலிப்பர இங்கயே விட்டுட்டுப் போறீங்க," என்று பின்னாலிருந்து கூப்பிட்டார். குனிந்து பார்த்தேன். என் இடது கால் வெறுங்காலாக ஈரத்தரையில் நின்றது. பத்துப் பன்னிரண்டு அடி அப்படியே நடந்து வந்திருக்கிறேன். தரை ஈரமாக இருப்பது கண்ணுக்குத்தான் தெரிந்தது, காலுக்குத் தெரியவில்லை.

எனக்கு அப்போது ஐம்பத்தொரு வயது. ஜோர்ஜ் டவுனில் எங்கள் அடுக்குமாடி வட்டாரத்துப் பிள்ளைகளைப் பள்ளிக்கு ஏற்றிச்செல்லும் வேனைப் பதினாறு வருடங்களாக ஓட்டிக்கொண்டிருந்தேன். கணவர் சந்திரன் புக்கிட் தெங்காவில் ஒரு தொழிற்சாலையில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறார். தினமும் கடற்பாலம் தாண்டி மோட்டார் சைக்கிளில் போய்வருவார். ஒரே மகள் கவிதா, ஒரு ஹோட்டலின் வரவேற்புப் பிரிவில் வேலை செய்கிறாள்.

இதே நோய் வந்தவர்களுக்காகவும் அவர்களைப் பார்த்துக்கொள்கிறவர்களுக்காகவும் இதை எழுதுகிறேன். அதனால் எனக்குப் பெருமை தராத பகுதியையும் மறைக்காமல் எழுத வேண்டியிருக்கிறது.

சிலிப்பர் கழன்றதற்குப் பிறகு எல்லாம் மெதுவாகவே வந்தது. காலில் தடித்த காலுறை போட்டதுபோல் இருந்தது. படி இறங்கும்போது முழங்கால் விறைத்துக்கொண்டது. விலா எலும்புகளுக்குக் கீழே யாரோ ஒரு பட்டையை இறுக்கிக் கட்டிவிட்டதுபோல் ஓர் உணர்வு. குளிக்கும்போது வெந்நீர் வலது காலில் சுட்டது, இடது காலில் சுடவில்லை. பக்கத்து கிளினிக்கில் இரத்தத்தைச் சோதித்தார்கள். சர்க்கரை இல்லை. வயதாகிறது, உட்கார்ந்தே செய்யும் வேலை, முழங்கால் தேய்ந்திருக்கும் என்று நானே ஒரு முடிவுக்கு வந்தேன். வலி இருந்திருந்தால் பயந்திருப்பேன். வலி இல்லை.

வலது காலுக்கும் மரப்பு பரவிய பிறகு இரண்டு மாதம் வேன் ஓட்டினேன். இதைத்தான் பெருமை தராத பகுதி என்றேன்.

ஒரு காலை, சாலைச் சந்திப்பில் சிவப்பு விளக்கு. பிரேக்கை மிதிப்பதாக நினைத்தேன். வேன் நிற்கவில்லை. குனிந்து பார்த்தால் என் கால் ஆக்சிலரேட்டரின் மேல் இருந்தது. கையால் ஹேண்ட் பிரேக்கை இழுத்தேன். முன்னால் நின்ற காருக்கும் எங்களுக்கும் ஒரு முழ இடைவெளி இருந்தது. பின்னால் ஒன்பது பிள்ளைகள். ஜன்னலோர இடத்துக்குச் சண்டை போட்டுக்கொண்டிருந்தவர்கள் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

வேனை ஓரமாக நிறுத்தி, தெரிந்த இன்னொரு வேன் ஓட்டுநரை வரவழைத்துப் பிள்ளைகளை ஏற்றிவிட்டேன். பிறகு சந்திரனுக்குப் போன் செய்தேன்.

"இனிமே நான் ஓட்ட மாட்டேங்க."

"ஏன், காலு ரொம்ப வலிக்குதா?"

"வலிக்கல. கால் எங்க இருக்குன்னே தெரியல."

அவர் அரைநாள் விடுப்பு எடுத்துக்கொண்டு வந்தார்.

மருத்துவமனையில் எங்களைப் பார்த்தவர் நளினி என்ற நரம்பியல் அறுவைச் சிகிச்சை மருத்துவர். நாற்பது வயதிருக்கும். என்னைப் படுக்கவைத்து, ஒரு சாவியின் முனையால் பாதத்தின் அடியில் கீறினார். கட்டைவிரல் கீழே மடங்க வேண்டுமாம். என்னுடையது மேலே எழும்பியது. அதை இரண்டு முறை செய்து பார்த்தார்.

"பிரச்சினை கால்ல இல்லக்கா, முதுகுல. ஸ்கேன் எடுத்துப் பாத்துருவோம்," என்றார்.

முதலில் எம்.ஆர்.ஐ. (காந்தப்புலத்தால் உடலின் உள்ளே படம் எடுப்பது), பிறகு சி.டி. ஸ்கேன். முதுகின் நடுவில், தண்டுவடத்தை ஒட்டி ஒரு கட்டி இருந்தது. முந்திரிப்பருப்பு அளவுதான். ஆனால் அந்த இடமே சுண்டுவிரல் பருமன் என்பதால் தண்டுவடம் ஒரு பக்கமாக நசுங்கி நாடாபோல் ஆகியிருந்தது. சி.டி. படத்தில் கட்டி எலும்பின் நிறத்திலேயே வெள்ளையாகத் தெரிந்தது.

அன்று இரண்டு சொற்களைக் கேட்டேன். ஒன்று மெனிஞ்சியோமா (மூளையையும் தண்டுவடத்தையும் மூடியிருக்கும் உறையில் உண்டாகும் கட்டி). இன்னொன்று சம்மோமா. டாக்டர் அதை ஒரு தாளில் ஆங்கிலத்தில் எழுதிக் காட்டினார். முதல் எழுத்தான 'பி'யை உச்சரிக்கக் கூடாதாம்.

"கிரேக்க பாஷையில 'சம்மோஸ்'னா மணல். பின்னால வர்ற 'ஓமா'ன்னா கட்டி. அந்தக் காலத்துல இந்த மாதிரிக் கட்டிய வெட்டிப் பாத்தவங்க விரல்ல நறநறன்னு மணல் மாதிரி தட்டுப்பட்டிருக்கு. அதான் அந்தப் பேரு. உங்களோடது அந்த வகையா இருக்கும்னு நெனைக்கிறேன். எடுத்துச் சோதிச்சாத்தான் உறுதியா சொல்ல முடியும்."

கட்டிக்குள் செல்கள் சுருள்சுருளாக அடுக்கிக்கொள்கின்றன. சுருளின் நடுவில் உள்ளவை செத்துப்போகும்போது, அங்கே சுண்ணச்சத்து ஒரு வளையத்தின் மேல் இன்னொரு வளையமாகப் படிகிறது. நான் புரிந்துகொண்டது இவ்வளவுதான்.

சந்திரன் புரிந்துகொண்டது வேறு. மறுநாள் எங்கள் வீட்டுக் குளிர்ப்பெட்டியில் பால் இல்லை. நான் சாப்பிட்டுவந்த கால்சியம் மாத்திரையைக் காணவில்லை. மிளகாய்ச் சம்பல் வைத்தால் அதில் முள்ளோடு சாப்பிடும் நெத்திலி இல்லை. பைப்புத் தண்ணீரில்தான் சுண்ணாம்பு வருகிறது என்று பாட்டில் தண்ணீராக வாங்கி அடுக்கினார். மூன்று வாரம் இப்படிப் போனது. அடுத்த முறை டாக்டரிடம் இதை அவரே பெருமையாகச் சொன்னார்.

"அண்ணே, நெத்திலி என்னா பாவம் செஞ்சிச்சி?" என்று டாக்டர் கேட்டார். "சாப்புட்ட கால்சியம் நேரா போயி அங்க படியிறதில்ல. அது கட்டி தானா செஞ்சிக்கிற வேல. நீங்க நிப்பாட்டுனா அக்காவோட எலும்புதான் வீக் ஆகும்."

அன்று மாலை மறுபடியும் நெத்திலிச் சம்பல். சந்திரனே எனக்கு இரண்டு கரண்டி அள்ளிவைத்தார்.

எனக்கும் ஒரு தவறான எண்ணம் இருந்தது. சுண்ணாம்பாக இறுகிவிட்டது என்றால் செத்துப்போன கட்டிதானே, கல்லோடு கல்லாக அப்படியே கிடக்கட்டும் என்று நினைத்தேன். டாக்டரிடம் கேட்டேன்.

"வளர்ச்சி ரொம்ப மெதுவா இருக்கலாம், நின்னுகூட போயிருக்கலாம். ஆனா நரம்புக்கு வேண்டிய எடத்த அது புடிச்சிக்கிட்டிருக்குதே. ஏற்கனவே கால் போயிக்கிட்டிருக்கு. அடுத்தது சிறுநீர் அடக்க முடியாமப் போகும். பெறகு வீல்சேர்."

"எடுத்துட்டா நடப்பேனா?"

"மெத்துன்னு இருக்கிற கட்டிய உறிஞ்சி எடுத்துரலாம். இது கெட்டியா இருக்கு. நரம்புமேல அழுத்தம் படாம கொஞ்சங்கொஞ்சமா ஒடைச்சித்தான் எடுக்கணும். முடிஞ்ச ஒடனே கால் இன்னும் மோசமா இருக்கலாம். முக்கால்வாசிப் பேருக்குத் திரும்ப வருதுன்னெல்லாம் நான் கணக்கு சொல்ல மாட்டேன். உங்களுக்கு வரும்னு நெனச்சித்தான் கத்தி எடுக்கிறேன்."

அந்தப் பதிலால்தான் கையெழுத்துப் போட்டேன்.

அறுவைச் சிகிச்சைக்கு முந்தைய வாரம், கம்பு ஊன்றி ஒன்பது பிள்ளைகளின் வீடுகளுக்கும் போனேன். வேன் இனி வராது என்று போனிலேயே சொல்லியிருந்தேன். மரத்த காலோடு இரண்டு மாதம் ஓட்டினேன் என்பதைச் சொல்லியிருக்கவில்லை. பெரும்பாலானவர்கள், "அதான் ஒண்ணும் ஆகலல்ல, ஒடம்பப் பாருங்க," என்றார்கள். ஒரு பெண்பிள்ளையின் தாய் மட்டும் கதவருகே நின்றபடி கேட்டார்.

"தெரிஞ்சும் ஏன்க்கா ஓட்டுனீங்க?"

"வேல போயிரும்னு பயந்தேன்."

"எம்புள்ள உள்ள இருந்துச்சிக்கா." அவ்வளவுதான் சொன்னார். கதவைச் சாத்திக்கொண்டார். இன்றும் சந்தையில் பார்த்தால் தலையை மட்டும் அசைத்துவிட்டுப் போவார். அவர்மேல் எனக்குக் குறையில்லை.

அறுவை ஆறு மணி நேரத்துக்கு மேல் நடந்தது. கண் விழித்தபோது நளினி டாக்டர் என் கால்மாட்டில் நின்று, "காலை அசைங்கக்கா," என்றார். வலது கால் கொஞ்சம் அசைந்தது. இடது கால் அசையவில்லை. நான் அனுப்பிய கட்டளை இடுப்போடு நின்றுவிட்டதை என்னால் உணர முடிந்தது. நரம்பு வீங்கியிருக்கிறது, பொறுத்திருக்க வேண்டும் என்றார். அதற்கு முன்பு எத்தனையோ காரியங்களுக்குப் பொறுத்திருக்கிறேன். என் காலுக்காகப் பொறுத்திருந்ததில்லை.

மூன்றாம் நாள் சந்திரன் போர்வையை விலக்கிக் கால் பிடித்துவிட்டுக்கொண்டிருந்தார். "மகேஸ், வெரல் அசையுது," என்றார். எனக்கு எதுவும் தெரியவில்லை. ஆறுதலுக்குச் சொல்கிறார் என்று நினைத்தேன். "பொய் சொல்லாதீங்க. வீடியோ எடுங்க," என்றேன். எடுத்துக் காட்டினார். திரையில் ஒரு கட்டைவிரல் மெல்ல மடங்கி நிமிர்ந்தது. என் விரல்தான் என்பதை நகத்தில் பாதி உரிந்திருந்த சாயத்தைப் பார்த்து அறிந்துகொண்டேன்.

மூன்று வாரம் கழித்து வீட்டில் இருந்தேன். கவிதா என்னைக் கவனித்துக்கொண்ட விதத்தில் ஒரு மாற்றம் தெரிந்தது. அதிகமாகப் பேசாதவள், நான் சொல்வதற்கு முன்பே எல்லாவற்றையும் செய்தாள். நான் பசியாறும்போது, தலை வாரும்போது, சும்மா உட்கார்ந்திருக்கும்போது போனில் படம் எடுத்தாள்.

"என்னாடி, இப்படிப் போட்டோ புடிக்கிற?"

"சும்மாதான்மா."

அடுத்த கிளினிக் நாளில்தான் விஷயம் வெளியே வந்தது. என்னைப் பார்த்துக்கொள்ளத் தன் வேலையில் விடுப்பு கேட்பதற்கான கடிதம் வாங்க மருத்துவமனைக்குப் போனபோது, கட்டியைச் சோதித்த அறிக்கையின் நகலையும் கேட்டு வாங்கியிருக்கிறாள். அதில் 'சம்மோமா துகள்கள்' என்ற சொல்லைப் பார்த்து இணையத்தில் தேடியிருக்கிறாள். தைராய்டு புற்றுநோய், சூல்பைப் புற்றுநோய் என்று வந்திருக்கிறது. பத்து நாள் அதைத் தனியாகச் சுமந்திருக்கிறாள். டாக்டருக்கு முன்னால் ஆங்கிலத்தில் ஏதோ கேட்க ஆரம்பித்தவள் பாதியில் நிறுத்திவிட்டாள்.

டாக்டர் அறிக்கையை என் பக்கமாகத் திருப்பிவைத்துத் தமிழில் பேசினார், நானும் கேட்க வேண்டும் என்பதற்காக.

"இந்த வார்த்தைய ரெண்டு விதமா எழுதுவாங்க. 'சம்மோமா'ன்னு கட்டிக்கே பேரு வச்சா, மணல் நெறஞ்ச மெனிஞ்சியோமான்னு அர்த்தம். 'சம்மோமா துகள்'னா அந்த மணல் மட்டும். அந்த மணல் சாதாரணக் கட்டியிலயும் இருக்கும், சில கேன்சர்லயும் இருக்கும். மணல மட்டும் பாத்து எதையும் முடிவு பண்ண முடியாது. அது எந்தக் கட்டிக்குள்ள இருக்குன்னு பாக்கணும். இங்க பாரும்மா, மெனிஞ்சியோமா, முதல் நிலை. அம்மாவுக்கு கேன்சர் இல்ல."

கவிதா அந்த வரியைத் தானே ஒருமுறை படித்தாள். பிறகு மேசைமேல் தலையைக் கவிழ்த்துக்கொண்டு அழுதாள். டாக்டர் அடுத்த நோயாளியைக் கூப்பிடாமல் காத்திருந்தார்.

இதைப் படிக்கிறவர்களிடம் ஒன்று கேட்டுக்கொள்கிறேன். அறிக்கையில் ஒரு சொல் பயமுறுத்தினால், அது கட்டியின் பெயரா, கட்டிக்குள் காணப்பட்ட ஒன்றின் பெயரா, நிலை என்ன என்று மருத்துவரிடம் கேளுங்கள். பத்து நாள் காத்திருக்காதீர்கள். தொலைபேசியிலாவது கேளுங்கள்.

நடக்கக் கற்றுக்கொண்டதைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை. அது அலுப்பான வேலை. இயன்முறைச் சிகிச்சை தந்தவர் ரோஸ்னா என்ற மலாய்ப் பெண். இரண்டு கம்பிகளுக்கு நடுவில் நான் பாதத்தைப் பார்த்துப் பார்த்து எடுத்துவைப்பேன். "ஜாங்கான் தெங்கோக் காக்கி, காக்," (காலைப் பார்க்காதீங்க அக்கா) என்று ஒவ்வொரு அடிக்கும் சொல்வார். பார்க்காவிட்டால் விழுந்தேன். நான்கு மாதத்துக்குப் பிறகு பார்க்காமல் ஆறு அடி நடந்தேன். வேன் இப்போது வேறொருவரிடம் இருக்கிறது. ஓட்டலாம் என்று பிறகு சோதித்துச் சொன்னார்கள். பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு ஓட்ட எனக்குத் துணிவில்லை.

இவ்வளவு இறுகுவதற்கு அந்தக் கட்டிக்குப் பத்து வருடத்துக்கு மேலாகியிருக்கும் என்று டாக்டர் சொன்னார். அந்தப் பத்து வருடத்தை நினைத்துப் பார்க்கிறேன். கவிதா பள்ளி முடித்தாள், கல்லூரி போனாள். சந்திரன் மோட்டாரிலிருந்து விழுந்து கை உடைந்தது, கூடியது. ஒவ்வொரு தைப்பூசத்துக்கும் தண்ணீர்மலை முருகன் கோயில் படிகளை ஏறி இறங்கினேன். அந்த நாட்களிலெல்லாம் எனக்குத் தெரியாத இன்னொரு காலம் என் முதுகில், மணல் மணலாக, தன் போக்கில் நடந்துகொண்டிருந்தது. என் உடம்பின் வயது இப்போது எனக்குச் சரியாகத் தெரியாது. ஒரு ஸ்கேனுக்கும் அடுத்த ஸ்கேனுக்கும் நடுவில் இருப்பதை ஒரு வருடம் என்கிறேன்.

முதல் வருட ஸ்கேன் சென்ற மாதம் எடுத்தார்கள். முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: கட்டி இல்லை. ஆனால் நான் சொல்ல வந்தது அந்தக் குழாய்க்குள் படுத்திருந்த நேரத்தைப் பற்றி. நாற்பது நிமிடம் அசையக் கூடாது என்றார் படம் எடுப்பவர். ஒரு வருடமாக அசை, அசை என்று கேட்டுக்கொண்டிருந்த உடம்பு அசையாமல் கிடந்தது. இயந்திரம் தட்டிக்கொண்டிருந்தது. பாதி நேரம் போயிருக்கும், சிலிப்பர் கழன்றதுகூடத் தெரியாத அந்த இடது காலில், குதிகாலில் ஏதோ ஊர்வதுபோல் இருந்தது. பிறகு நன்றாகவே தெரிந்தது. அரிப்பு.

வலது காலால் தேய்த்துக்கொள்ளலாம். தேய்த்தால் படம் கெட்டுவிடும். எறும்பு கடித்ததுபோல் அது கூடிக்கொண்டே போனது. கண்களை மூடிக்கொண்டு அந்த அரிப்பை மட்டுமே கவனித்துக்கொண்டு கிடந்தேன்.

படுக்கையை வெளியே இழுத்து, "முடிஞ்சிச்சிக்கா, அசையலாம்," என்றார் அவர். நான் உடனே சொறிந்துகொள்ளவில்லை. இன்னும் கொஞ்ச நேரம் அது அரிக்கட்டும் என்று விட்டுவைத்தேன்.