நாலரை மணிக்கு மேல் தாஸ் அண்ணன்

வியாழக்கிழமை மதியம், ஆஸ்பத்திரி லேபில் சாப்பாட்டு டப்பாவைத் திறக்கும்போது தாஸ் அண்ணனின் மனைவி பிலோமினா அக்காவின் போன் வந்தது. "இவர் விடியப்புறம் போயிட்டார் தங்கச்சி" என்றார். வைப்பதற்கு முன், சனிக்கிழமை வானொலியில் மரண அறிவித்தலை நான்தான் வாசிக்க வேண்டும் என்றார். வாசிக்கிறேன் என்று சொல்லிவிட்டு டப்பாவை மூடினேன்.

ராக் கேட்பவர்களுக்கு அவர் டாஸ். இங்கே டூங்கபி, கிரவீன் புறநகர்களில் குடியேறிய தமிழர்களுக்கு அமலதாஸ். எனக்குத் தாஸ் அண்ணன். எங்கள் வட்டார வானொலியில் சனிக்கிழமைகளில் மூன்று முதல் ஐந்து மணிவரை பழைய ராக் பாட்டுகள் போட்டவர். ஐந்து மணிக்கு என்னுடைய தமிழ் நிகழ்ச்சி.

ரயில்வேயில் வேலை பார்த்த சில நண்பர்கள் வீட்டு இசைத்தட்டுகளைச் சுமந்துவந்து, கவுன்சிலின் பழைய கட்டடம் ஒன்றில் தொடங்கிய நிலையம் அது. அவர்கள் இளவயதில் கேட்டது ராக், ஆகவே நிலையமும் காலை முதல் இரவுவரை ராக். வட்டாரத்தில் ஆட்கள் மாற மாற, வாரக்கடைசி மாலைகளை எங்களைப் போன்றவர்களுக்குப் பிரித்துக் கொடுத்தார்கள். தாஸ் அண்ணன் அந்த வழியில் வந்தவர் இல்லை. மன்னாரில் கல்யாண வீடுகளில் கிடார் வாசித்தவர், இங்கே ஒரு கிடங்கில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டிக்கொண்டே இந்த நிலையத்தைக் கேட்டு, ஓயாமல் போன் போட்டுப் பாட்டுக் கேட்டு நச்சரித்திருக்கிறார். தொல்லை தாங்காமல் நீயே வந்து போடு என்று சொல்லிவிட்டார்களாம்.

எனக்கு அந்த இசை பிடிக்காது. திருச்சியில் நாதஸ்வரம் கேட்டு வளர்ந்த காதுக்கு அது தகரக் கொட்டகைமேல் ஆலங்கட்டி மழை. ஸ்டூடியோ கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நின்று, சீக்கிரம் முடியுங்கள் என்று கைகாட்டுவேன். அவர் அசையமாட்டார். "பாட்டை நடுவில வெட்டக்கூடாது தங்கச்சி. அவன் சொல்ல வந்ததைச் சொல்லி முடிக்கட்டும்" என்பார். கடைசி டிரம்ஸ் அடி விழுந்த பிறகுதான் நாற்காலி எனக்குக் கிடைக்கும்.

இலங்கைத் தமிழர் குடும்பங்களுக்கு வானொலியில் மரண அறிவித்தல் வருவது முக்கியம் என்பது உங்களுக்குத் தெரியும். என் நிகழ்ச்சி அதோடுதான் தொடங்கும். ஆரம்ப நாட்களில் ஒருவர் நிலையத்துக்கே வந்தார். சண்டை போட வரவில்லை. அம்மாவின் பெயரை நான் வாசிப்பதற்கு முந்தின நொடிவரை இடித்த டிரம்ஸ் இன்னும் காதுக்குள் கேட்கிறது என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார். தாஸ் அண்ணன் பக்கத்தில் இசைத்தட்டுகளை அடுக்கிக்கொண்டிருந்தார்.

அந்த வாரத்திலிருந்து வெள்ளிக்கிழமை மாலைகளில் அவருடைய போன் வரும். கேள்வி ஒன்றுதான்: "அறிவித்தல் இருக்கே?" ஓம் என்றால், மறுநாள் நாலரை மணிக்கு மேல் அவருடைய நிகழ்ச்சி மெல்ல இறங்கும். முதலில் டிரம்ஸ் தணியும், பிறகு குரல்கள் குறையும், ஐந்து மணிக்கு ஒற்றைக் கிடார் மட்டும் மிஞ்சும். செத்தவீட்டு வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டுத்தானே உள்ளே போகிறோம் என்று ஒருமுறை விளக்கம் சொன்னார். அறிவித்தல் இல்லாத வாரமென்றால் கூரை பிய்த்துக்கொண்டு போகும். நாளடைவில் நம்மவர்கள் அதைப் பிடித்துக்கொண்டார்கள். ஐந்து மணிக்கு டிரம்ஸ் இடித்தால், இந்த வாரம் எல்லோரும் இருக்கிறோம் என்று அர்த்தம்.

இந்தக் கணக்குப் புரியாமல் அலுத்துக்கொண்டவர் கெவின், டூங்கபியில் இருக்கும் ஓய்வுபெற்ற பஸ் டிரைவர். சில சனிக்கிழமைகளில் நாலரைக்கே தூங்கிவிடுகிறாயே என்று போனில் கேலி செய்வார். தாஸ் அண்ணன் ஒருநாள் காரணத்தைச் சொன்னார். அதற்குப் பிறகு மெல்லிசை தொடங்கினாலே கெவின் போன் செய்து, இன்றைக்கு யார் என்று கேட்டு, வருத்தம் சொல்லிவிட்டு வைப்பார். பெயரை அவருக்குத் திருப்பிச் சொல்ல வராது, ஆனாலும் கேட்பார்.

போன வருடம் பகல் நிகழ்ச்சிகளைக் கம்ப்யூட்டரிடம் விடுவது என்று நிர்வாகக் குழு பேசியது. தொண்டர்கள் குறைந்துவிட்டார்கள், அவர்களைக் குற்றம் சொல்ல முடியாது. கூட்டத்தில் தாஸ் அண்ணன் சுருக்கமாக ஆங்கிலத்தில் பேசி உட்கார்ந்தார். பிறகு அதையே என்னிடம் தமிழில் சொன்னார்: "அதுக்கு எல்லாப் பாட்டும் தெரியும். ஆர் செத்ததெண்டு தெரியாது." அவர் வந்துகொண்டிருக்கும்வரை சனிக்கிழமை அவருக்கு என்று முடிவானது. அவர் வந்துகொண்டிருக்கும்வரை.

ஆகவே வெள்ளிக்கிழமை நிலைய மேலாளரைக் கூப்பிட்டு, அவருடைய நிகழ்ச்சியின் கடைசி அரைமணி நேரத்தை எனக்குக் கேட்டேன். கம்ப்யூட்டர் போடும் ஏதோ ஒரு ஆர்ப்பாட்டத்துக்குப் பின்னால் அவர் பெயரை என்னால் வாசிக்க முடியாது. உனக்கு ராக் தெரியுமா என்று மேலாளர் கேட்டார். தெரியாது, ஆனால் யார் போய்விட்டார்கள் என்று தெரியும் என்றேன். அவர் கொஞ்சம் யோசித்து, சரி என்றார்.

கண்ணாடிக்கு வெளியே அலுத்துக்கொண்டே நின்றதில், எந்தப் பாட்டு ஏறும், எது இறங்கும் என்று எனக்கே தெரியாமல் மனப்பாடம் ஆகியிருந்தது. சனிக்கிழமை நாலரைக்கு டிரம்ஸைத் தணித்தேன். ஒரு பாட்டையும் வெட்டவில்லை. ஐந்துக்குச் சற்று முன் போன் அடித்தது. கெவின்.

"இன்றைக்கு யார்?" என்றார்.

சொன்னேன். மறுமுனையில் அவருடைய ரேடியோவில் அதே கிடார் கேட்டுக்கொண்டிருந்தது. அது முடியும்வரை அவரும் வைக்கவில்லை, நானும் வைக்கவில்லை. அப்புறம்தான் எனக்கு அழுகை வந்தது. மைக்கைத் திறந்து, அமலதாஸ் என்று வாசித்தேன்.

அவருடைய இசைத்தட்டுகள் பிள்ளைகளிடம் இருக்கின்றன. நான் வைத்துக்கொண்டது, சனிக்கிழமைதோறும் வரும் அந்த அரைமணி நேரத்தை. அவரைத் தெரிந்த உங்களுக்கு ஒரு செய்தி: நாளை சனிக்கிழமை, அறிவித்தல் எதுவும் இல்லை. ஐந்து மணிக்கு டிரம்ஸ் இடிக்கும். சத்தத்தைக் குறைக்காதீர்கள்.