பெரியம்மா மறந்த வசனம்

சினிமாவைப் பார்த்து ஓட்டுப் போடுகிற ஜனங்கள் என்று எங்கள் பக்கத்து ஆட்களை யாராவது நக்கலடித்தால் எனக்குச் சுருக்கென்று கோபம் வந்துவிடும். இப்போது தேனியில் எனக்கு வேலை. கூட வேலை பார்க்கிறவர்களில் பாதிப் பேருக்கு இந்த நக்கல் கைவந்த கலை. ஒரு நடிகர் மேடையேறுவதைப் போனில் பார்த்துவிட்டால் போதும், தமிழ்நாடே தியேட்டரில் பிறந்து தியேட்டரில் சாகிற மாதிரிப் பேச ஆரம்பித்துவிடுவார்கள். சரி, படம் பார்த்தோம், ஓட்டும் போட்டோம். அப்புறம் என்ன நடந்தது என்று கேட்க ஒருவருக்கும் பொறுமை இல்லை. எங்கள் வீட்டில் நடந்ததை மட்டுமாவது நான் சொல்லிவிடுகிறேன்.

கம்பத்திலிருந்து சுருளிப்பட்டி போகிற ரோட்டை விட்டு உள்ளே தள்ளி, திராட்சைத் தோட்டங்களுக்கு நடுவில் இருக்கிறது எங்கள் ஊர். அந்த ஊருக்குக் கேபிள் டிவி கொடுத்தவர் என் பெரியப்பா. அதைவிடப் பெரிய பதவி ஒன்றும் அவரிடம் இருந்தது. பெரிய நடிகர் ஒருவரின் ரசிகர் மன்றத்துக்கு எங்கள் ஊரில் அவர்தான் தலைவர். புதுப் படம் வெளியாகிற அன்று கம்பத்துத் தியேட்டர் வாசலில் வாழைமரம் கட்டிவிட்டுத்தான் பச்சைத் தண்ணீர் குடிப்பார். "எங்க கல்யாணத்துக்குக்கூட இத்தன மரம் கட்டல" என்று பெரியம்மா சொல்வார். அதுவும் அடுப்படியில் நின்றுகொண்டு, எனக்கு மட்டும் கேட்கிற மாதிரிதான் சொல்வார்.

பெரியப்பா வீட்டு முன்னறைதான் கேபிள் ரூம். தினமும் சாயங்காலம் ஊர்ச் சேனலில் ஒரு படம் ஓடும். பெரியப்பா பைக்கில் வயர்ச் சுருளைப் போட்டுக்கொண்டு கம்பி கட்டப் போய்விடுவதால், சிடி மாற்றுவது, போனில் வருகிற வசவை வாங்கிக்கொள்வது எல்லாம் பெரியம்மா வேலை. "படம் கட்டம் கட்டமாத் தெரியுது" என்று கத்துகிறவர்களிடம்கூட, "செத்த இருங்க, தொடச்சுப் போடுறேன்" என்பதற்கு மேல் பேசமாட்டார். அடுத்த வீடுதான் எங்கள் வீடு என்பதால் பள்ளிக்கூடம் விட்டால் நான் அங்கேதான் கிடப்பேன். அந்த நடிகரின் வசனங்கள் அத்தனையும், எங்கே மூச்சு விடுகிறார் என்பது வரைக்கும் எனக்கு அத்துப்படி.

நான் ஐந்தாம் வகுப்புப் படித்தபோது பஞ்சாயத்துத் தேர்தல் வந்தது. பிரசிடெண்ட் பதவி அந்த முறை பெண்களுக்கு என்று ஒதுக்கிவிட்டார்கள். ஆசைப்பட்டுக் காத்திருந்த ஆண்கள் எல்லாம் அவரவர் வீட்டுக்காரியை நிறுத்தினார்கள். எங்கள் பக்கம் இதில் ஒளிவுமறைவு கிடையாது. போஸ்டரில் மனைவி பெயர் இருக்கும், கணவர் படம் அதைவிடப் பெரிதாக இருக்கும். ஜெயித்த பிறகு ஆபீசில் பிரசிடெண்ட் நாற்காலியில் கணவர் உட்காருவார். அந்த அம்மா வீட்டில் ஆட்டுக்குத் தழை போட்டுக்கொண்டிருக்கும். "பேரு அவ பேரு, பாக்கப் போறது நானு" என்று பெரியப்பாவும் டீக்கடையில் பெருமையாகவே சொன்னார். பெரியம்மாவிடம் யாரும் எதுவும் கேட்கவில்லை.

எதிர்த்து நின்றது ஒரு திராட்சை வியாபாரியின் மனைவி. அவர்களிடம் வேனும் ஆளும் இருந்தன. பெரியப்பாவிடம் இருந்தது ஊர்ச் சேனல். அந்த நடிகர் பிறந்த ஊருக்குத் திரும்பி வந்து, குடிதண்ணீரைக் களவாடி விற்கிற பஞ்சாயத்துத் தலைவரைக் கோயில் வாசலில் வைத்துக் கேள்வி கேட்கிற படம் ஒன்று உண்டு. அதைச் சாயங்காலம் தவறாமல் போட்டார். அதில் வருகிற வசனத்தைப் பெரியம்மா மேடையில் அப்படியே பேசிவிட்டால் ஓட்டு தானாக விழும் என்பது அவர் கணக்கு. சொல்லிக்கொடுக்கிற பொறுப்பு எனக்கு.

வாத்தியார் வேலை எனக்கு வெகுவாகப் பிடித்துவிட்டது. கையை எங்கே நீட்ட வேண்டும், எந்த வார்த்தைக்குப் பிறகு கூட்டத்தை முறைக்க வேண்டும் என்றெல்லாம் பெரியம்மாவைப் படுத்தி எடுத்தேன். நடிகர் தோள்துண்டை உதறுகிற இடத்தில்தான் தகராறு. முந்தானையை உதறச் சொன்னேன். "போடி இவளே, ஊரு சிரிக்கும்" என்று மறுத்துவிட்டார். ஆனால் படம் ஓடும்போது, அந்த இடம் வந்தால் மட்டும் கையிலிருக்கிற வேலையைப் போட்டுவிட்டு வந்து நின்று பார்ப்பார். பாடம் ஒழுங்காகப் படிக்கிறார் என்று எனக்கு ஏகப்பட்ட திருப்தி.

கூட்டம் காளியம்மன் கோயில் முன்னால். பொழுது இறங்குகிற நேரத்தில் மைக் செட்டுக்காரர் டியூப் லைட்டைப் போட்டார். ஆண்கள் ஒரு பக்கம், தோட்டத்து வேலை முடிந்து வந்த பெண்கள் ஒரு பக்கம். நான் மேடைக்கு நேர் கீழே நின்றுகொண்டேன், மறந்தால் எடுத்துக்கொடுக்க. பெரியம்மா மைக்கைப் பிடித்தார். 

"நான் ஓட்டுக் கேட்டு வரல," என்று ஆரம்பித்து, நான் சொல்லிக்கொடுத்தபடியே நிறுத்தினார்.

அந்த இடைவெளியில்தான் கெட்டது காரியம். "களவு போன உங்க குரலத் திருப்பிக் கொடுக்க வந்திருக்கேன்" என்று ஆண்கள் பக்கம் மொத்தமும் சொல்லி முடித்தது. தினமும் போட்டுப் போட்டு ஊருக்கே மனப்பாடம் ஆகியிருந்தது. ஒருவன் பின்னணி இசையைக்கூட வாயாலேயே வாசித்தான். "துண்ட உதறுங்க மதினி" என்று ஒரு குரல் வர, கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. பெரியப்பா மைக் செட் பக்கத்தில் தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டார். நான் அடுத்த வரியை வாயசைத்தேன். பெரியம்மா என்னைப் பார்த்தார், பிறகு என்னை விட்டுவிட்டுப் பெண்கள் பக்கம் திரும்பினார்.

"எல்லாருக்கும் மனப்பாடமா இருக்கு. நான் வேற எதுக்கு அதச் சொல்லிக்கிட்டு," என்றார். சிரிப்பு கொஞ்சம் அடங்கியது. "அவரு பேசி முடிச்ச ஒடனே ஒரு பாட்டு வரும். பாட்டு முடியறதுக்குள்ள கொழாயில தண்ணி வந்துரும். நமக்கு அப்பிடி வராது. எப்ப வருமுன்னே யாருக்கும் தெரியாது. ஆத்தாளும் அப்பனும் தோட்டத்துக்குப் போயிட்டா கொடத்தோட காத்துக் கெடக்குறது யாரு? பொம்பளப் பிள்ளைகதான். கொழாயடியில ஒக்காந்தே பள்ளிக்கூட மணியக் கேக்குதுக. தண்ணி விட ஒரு நேரம் வைக்கணும். நான் ஜெயிச்சா மொத வேல அதான்."

என் பெஞ்சில் பக்கத்தில் உட்காருகிறவள் வாரத்தில் பாதி நாள் ஏன் வருவதில்லை என்று நான் யோசித்ததே கிடையாது. அன்றைக்கும் யோசிக்கவில்லை. வசனம் போச்சே என்கிற கவலைதான் எனக்கு.

பெரியம்மா இன்னும் மைக்கை விடவில்லை. "என்னய நிக்கச் சொன்னது எங்க வீட்டுக்காரக. அவுக சொல்லாட்டி நான் இந்த மேடைக்கு வந்திருக்கவே மாட்டேன். ஆனா ஓட்டு எனக்குத்தான போடப் போறீக? அப்ப நாற்காலியிலயும் நான்தான் ஒக்காருவேன். வேற ஆளு ஒக்காந்திருக்கக் கண்டா, நீங்க வந்து கேளுங்க."

 பெண்கள் பக்கமிருந்து ஒரு விசில் வந்தது. தியேட்டரில்கூட எங்கள் ஊர்ப் பெண் விசிலடித்து யாரும் கேட்டதில்லை. அதற்குப் பிறகு கைதட்டல் ஓய வெகுநேரம் ஆனது. எனக்கோ அழுகை அழுகையாக வந்தது. கீழே இறங்கி வந்த பெரியம்மா, "எப்பிடித்தா பேசுனேன்?" என்று கேட்டபோது, "ஒரு வசனங்கூட ஒழுங்காச் சொல்லல நீங்க" என்று கையைத் தட்டிவிட்டு வீட்டுக்கு ஓடிவிட்டேன்.

இன்று அதை நினைத்தால் பெருமையில் நெஞ்சு விம்முகிறது. அந்தப் படத்தை நான் குறை சொல்லவே மாட்டேன். ஊரைக் கேள்வி கேட்கலாம், நாலு பேர் முன்னால் நின்று பேசலாம் என்பதைப் பெரியம்மாவுக்கு வேறு யார் சொல்லித் தந்தார்கள்? பள்ளிக்கூடமா, நாங்களா? அந்த நடிகர்தான் தினமும் சாயங்காலம் வீட்டுக்கு வந்து சொன்னார். அவர் சொல்லாததைச் சேர்த்துக்கொண்டது பெரியம்மாவின் சாமர்த்தியம்.

பெரியம்மா ஜெயித்தார். ஆனால் கூட்டத்துக்குப் பிறகு பெரியப்பா பேச்சைக் குறைத்துக்கொண்டுவிட்டார். மன்றத்து ஆட்கள் டீக்கடையில் வைத்து, "மேடையில ஆயிரம் பேசுவாக மச்சான். நீ பாட்டுக்குப் போயி நாற்காலியில ஒக்காரு. யாரு கேக்கப் போறா?" என்று உசுப்பேற்றினார்கள். பெரியப்பா பாதி டீயை வைத்துவிட்டு எழுந்துவிட்டார். என்ன செய்யப் போகிறாரோ என்று அம்மாவும் அப்பாவும் எங்கள் வீட்டில் குசுகுசுவென்று பேசிக்கொண்டார்கள். பெரியம்மா மட்டும் எதுவும் கேட்காமல் அவருக்குச் சோறு போட்டார்.

பதவியேற்கிற அன்று காலையில் பெரியப்பா புது வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டையில் பைக்கை எடுத்தார். பின்னால் பெரியம்மா, முன்னால் டேங்கின் மேல் நான்.  பஞ்சாயத்து ஆபீஸ் வாசலில் மன்றத்து ஆட்கள் மாலையோடு நின்றார்கள். "நாற்காலி தொடச்சுப் போட்டாச்சு, வா மச்சான்" என்று கூப்பிட்டார்கள். பெரியம்மா இறங்கி, புடவையைச் சரிசெய்துகொண்டு, பெரியப்பா முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார்.

பெரியப்பா வண்டியை அணைக்கவில்லை.

"அவரு படத்துல அப்பிடிப் பேசுனப்ப எல்லாரும் விசிலடிச்சோம்ல. வீட்டு ஆளு பேசுனா மட்டும் கோவிச்சுக்கிறணுமாக்கும்?" என்று அவர்களிடம் சொன்னார். பிறகு பெரியம்மாவைப் பார்த்து, "நேரமாச்சு, உள்ள போ. எனக்கு வேல கெடக்கு. தோட்டப் பக்கம் வயரு அறுந்து போச்சாம்" என்றார். எனக்குச் சப்பென்று ஆகிவிட்டது. அவர் உள்ளே போய் உட்கார்ந்தால் பக்கத்தில் நிற்கலாம் என்று தலை நிறையப் பூ வைத்துக்கொண்டு வந்திருந்தேன்.

வண்டி ஊரைச் சுற்றித் தோட்ட மேட்டில் ஒரு போஸ்ட்டுக்குக் கீழே போய் நின்றது. அங்கே எந்த வயரும் அறுந்து கிடக்கவில்லை. பக்கத்து மோட்டார் ரூமிலிருந்து ஏணியை எடுத்துச் சாத்தி, புது வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு மேலே ஏறினார். நன்றாக இருந்த வயர் முடிச்சு ஒன்றை அவிழ்த்தார். மறுபடியும் கட்டினார். அந்த உயரத்திலிருந்து பார்த்தால் பஞ்சாயத்து ஆபீஸ் ஜன்னல் தெரியும். பெண்கள் கூட்டமாக உள்ளே போகிற சத்தம் கீழே எனக்கே கேட்டது. அவர் இறங்குகிற வழியாக இல்லை.

"என்ன பாக்குறீக பெரியப்பா?" என்று கேட்டேன்.

"ஒண்ணுமில்லத்தா," என்றார்.  சட்டைக் கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

பாவம், இந்தத் தேர்தலில் தோற்றுப்போனவர் பெரியப்பாதான் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டு, ஏணி ஆடாமல் இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டேன்.