எதிரே உட்கார்ந்து மிதித்த காலம்

எனக்குத் தெரிந்த ஒரே தொழில் மிதிப்பது. சின்ன வயதில் அப்பாவின் சைக்கிளில் கம்பிக்குள் காலை நுழைத்து அரைப் பெடல் போட்டேன். கால் எட்டியதும் முழுப் பெடல். அதற்கப்புறம் கிளட்ச், பிரேக், ஆக்சிலேட்டர் என்று பிழைப்பே மிதியாகிப் போனது. கோவில்பட்டியில் ஒரு தீப்பெட்டி ஆபீசில் வேன் ஓட்டிக்கொண்டிருந்தேன். விடியும் முன்னே பசுவந்தனைப் பக்கத்து ஊர்களுக்குப் போய் வேலைக்கு வரும் பெண்களை ஏற்றி வர வேண்டும். பொழுது சாய்ந்ததும் திரும்பக் கொண்டுபோய் விட வேண்டும். இந்த மனுசன் கையில் எதைக் கொடுத்தாலும் விளங்காது, காலில் கொடுத்தால்தான் உண்டு என்று என் வீட்டுக்காரி தெரு முழுக்கச் சொல்லி வைத்திருந்தாள்.

அந்தக் கால்தான், அதுவும் வலது கால்தான், ஐப்பசி மழையில் ஒடிந்தது. எப்போதும்வென்றான் பக்கம் ஒரு துக்க வீட்டுக்குப் பைக்கில் போய்விட்டுத் திரும்பிக்கொண்டிருந்தேன். கரிசல் மண் நனைந்துவிட்டால் பைக்காவது சைக்கிளாவது, இறங்கி உருட்டுவதுதான் மரியாதை. மட்கார்டுக்குள் மண் அப்பிச் சக்கரம் சுற்றாது. டிரைவர் என்கிற திமிரில் நான் முறுக்கினேன். ஊர்ப்பேர் எப்போதும்வென்றான், விழுந்து கிடந்தது நான். கணுக்காலுக்கு மேலே தகடு வைத்து ஆபரேசன் செய்தார்கள்.

எலும்பு கூடிவிட்டது. ஆனால் பாதம் சொன்ன பேச்சைக் கேட்கவில்லை. மடக்கு என்றால் யோசித்து மடங்கியது. முதலாளி நல்ல மனுசர். பங்குனி முடிகிற வரைக்கும் வேனுக்குத் தற்காலிகமாக ஓர் ஆளை வைத்துக்கொள்கிறேன், அதற்குள் வந்துவிட்டால் வேன் உனக்குத்தான், இல்லாவிட்டால் அவனையே நிரந்தரமாகப் போட்டுவிடுவேன் என்று ஆள் விட்டுச் சொன்னார். எனக்கு வேறு எந்த வேலையும் தெரியாது என்பது அவருக்கும் தெரியும்.

ஆஸ்பத்திரியில் பிசியோதெரபி பார்க்கிற பெண், தினமும் வந்து சைக்கிள் மிதிக்கச் சொன்னாள். அது தரையோடு பூட்டிய சைக்கிள். எவ்வளவு மிதித்தாலும் எதிரே அதே சுவர்தான். போகாத ஊருக்கு வழி கேட்கிற வேலை இது என்று இரண்டு நாளில் நின்றுவிட்டேன். வீட்டில் படுத்துக்கொண்டு ஃபேனைப் பார்த்தேன். வருகிறவர் போகிறவர் மேலெல்லாம் எரிந்து விழுந்தேன்.

என் வீட்டுக்காரி தையல்காரி. அவள் மிஷினுக்கு மோட்டார் போட்டுக் கொஞ்ச காலம் ஆகியிருந்தது. ஒருநாள் காலையில் எழுந்து பார்க்கிறேன், மோட்டாரைக் கழற்றி மூலையில் வைத்துவிட்டு, பழைய தோல் வாரைச் சக்கரத்தில் மாட்டிக்கொண்டிருக்கிறாள். மிஷினைச் சுவரை விட்டு நகர்த்தி, எதிர்ப்பக்கம் ஒரு ஸ்டூலையும் போட்டிருந்தாள். அங்கே உட்கார்ந்து நான் மிதிக்க வேண்டுமாம். இந்தப் பக்கம் உட்கார்ந்து அவள் தைப்பாளாம். அடுத்தவள் துணியில் விளையாடாதே என்றேன். சும்மா கிடந்து ஃபேனை மிதிக்கிறதுக்கு இது தேவலை என்றாள்.

முதல் வாரம் துணிக்கும் கேடு, மானத்துக்கும் கேடு. நான் பாதி மிதியில் நிற்பேன். சக்கரம் பின்னால் சுற்றும். நூல் சிக்கி ஊசிக்குக் கீழே பறவைக்கூடு கட்டிவிடும். அவள் முணுமுணுத்துக்கொண்டே பிரிப்பாள். ஒரு தையல் கோணினாலும் முழு வரிசையையும் பிரித்துத் திரும்பத் தைக்கிற ஜாதி அவள். கட்டியவனே என்றாலும் அதில் சலுகை கிடையாது.

என் மாமனார் நாடகங்களுக்குக் கால் ஆர்மோனியம் வாசித்தவர். கீழே இரண்டு காலாலும் பெடல் மிதித்தால் பெட்டிக்குள் காற்று ஏறும், மேலே விரல் ஓடும். இவள் சின்னப் பிள்ளையில் மேடை ஓரம் உட்கார்ந்து, வேசம் கட்டியவர்களை விட்டுவிட்டு அப்பாவின் பாதத்தையே பார்த்துக்கொண்டிருப்பாளாம். அந்த வித்தையை என்மேல் எடுத்து விட்டாள்.

"பாடுதவிய மூச்சு வாங்கையில பெட்டி மூச்சு வாங்கப்பிடாதுன்னு எங்கய்யா சொல்லுவாவ. நீங்க ஒவ்வொரு மிதிக்கும் நிப்பாட்டி நிப்பாட்டிக் காலப் பாக்குதீங்க. காலப் பாக்காதீங்க. என்னயப் பாத்து மிதிங்க."

கல்யாணமாகி இத்தனை வருசத்தில் அவளை நேருக்கு நேர் அவ்வளவு நேரம் பார்த்தது அப்போதுதான். ஊசியில் நூல் கோர்க்கும்போது நாக்கு நுனியைக் கடித்துக்கொள்வாள் என்பது எனக்குத் தெரியாது. காலுக்குத் தாளம் வேண்டும் என்று அப்பாவின் நாடகப் பாட்டுகளை முனகுவாள். அவள் குரலுக்கும் சுருதிக்கும் பங்காளிப் பகை. ஆனாலும் கால் அந்தப் பாட்டுக்குப் பணிந்தது. தை மாசம் பாவாடை ஓரங்களை நான் மிதிக்க அவள் தைத்தாள். மாசியில் ஜாக்கெட் கைக்குழி வளைவுகூடப் பிசகாமல் வந்தது. துணி கொடுக்க வருகிற பெண்கள் எங்களைப் பார்த்து வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பார்கள். அண்ணாச்சிக்குச் சம்பளம் உண்டா என்று கேட்பார்கள். சோறு போடுகிறேனே, போதாதா என்பாள் இவள். பொய் சொல்வானேன், சந்தோசமாக இருந்தேன்.

பங்குனிக் கடைசியில் முதலாளி போன் செய்தார். திங்கட்கிழமை வண்டி எடுப்பாயா என்று கேட்டார். எடுக்கிறேன் என்றேன். அதற்கு முதல் நாளே ஓட்டிப் பார்க்க வேண்டும் என்று இவள்தான் சொன்னாள். ஞாயிற்றுக்கிழமை ஆபீசில் சாவி வாங்கி, பின்னால் இருக்கிற தரிசில் வேனை இறக்கினேன். மழையில் என்னை விழத்தட்டிய அதே கரிசல் மண் வெயிலில் வெடித்துப் புழுதியாகக் கிடந்தது. இவள் தடத்தின் ஓரமாக ஒரு கல்லைத் தூக்கி வைத்தாள். நான் வர வேண்டியது. அவள் கையைக் காட்டும்போது மிதிக்க வேண்டியது. கல்லைத் தாண்டாமல் வண்டி நிற்க வேண்டும். நல்ல காலத்தில் எனக்கு அது பிள்ளை விளையாட்டு.

மெதுவாக வந்தபோது நின்றது. மறுபடியும் நின்றது. அடுத்து, பசுவந்தனை ரோட்டில் எந்த வேகத்தில் வருவேனோ அந்த வேகத்தில் வந்தேன். கை காட்டினாள். மிதிப்பதற்கு முன்னால் ஆக்சிலேட்டரிலிருந்து பிரேக்குக்குக் கால் தாவ வேண்டுமே. தையல் மிஷினில் தாவுகிற வேலை கிடையாது. பாதம் ஒரு கணம் யோசித்த மாதிரி இருந்தது. அப்புறம்தான் போய் விழுந்தது. வண்டி நின்றபோது சுற்றிலும் புழுதி.

புழுதி அடங்குவதற்கு முன்னால் பக்கக் கண்ணாடியில் பார்த்தேன். இவள் சேலையைச் செருகிக்கொண்டு அந்தக் கல்லைத் தூக்கிக்கொண்டு ஓடி வருகிறாள். வந்து முன்சக்கரத்துக்குச் சற்று முன்னால் சத்தமில்லாமல் வைத்தாள். முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு என் கதவுப் பக்கம் வந்தாள்.

"வண்டி கல்லுக்கு இங்கனயே நின்னுட்டு, பாத்தீங்களா. நான் சொல்லல?"

ஒரு கோணல் தையலைப் பொறுக்காதவள். அவள் என்னிடம் சொன்ன பொய் எனக்குத் தெரிந்து அது ஒன்றுதான். இவ்வளவு பிரியத்தை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வேன்? மறுநாள் அந்த வேனில் ஏறப் போகிற பெண்களை எனக்கு முகம் முகமாகத் தெரியும். பாதிப் பேர் உட்கார்ந்ததும் தூங்கிவிடுவார்கள், என்னை நம்பி.

சாவியைத் திருகி எடுத்து அவள் கையில் கொடுத்தேன். முதலாளிக்குப் போன் போட்டேன்.

"கால் பிந்துது அண்ணாச்சி. அந்தப் பையனயே போட்டுக்கோங்க. வண்டிய எடுத்துட்டுப் போக இங்கன ஒரு ஆள அனுப்புங்க."

அவர் சரி என்று வைத்துவிட்டார்.

இவள் என்னைப் பார்க்காமல் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். நான் கதவைப் பிடித்துக்கொண்டு இறங்கினேன்.

"ஏட்டி, அந்தக் கல்ல எடுத்த எடத்துலயே வச்சிருவோம், வா."

அவள் குனிந்து கல்லைத் தூக்கிக்கொண்டாள். நானும் அவள் தோளைப் பிடித்துக்கொண்டு கூடவே நடந்தேன். வேனின் பின்பக்கத்தையும் தாண்டி இன்னும் கொஞ்ச தூரம் நடந்தோம்.