பத்திரம் என்னிடம், மனை அவரிடம்

உழவர்கரையில் நாங்கள் வாங்கிய மனை காலியாகக் கிடந்தது. பக்கத்து வீட்டுப் பால்காரர், "மாடு கட்டிக்கிறேங்க்கா, புல்லு மண்டாது" என்றார். காவலுக்கு ஆள் கிடைத்த மகிழ்ச்சியில் சம்மதித்தேன். சில ஆண்டுகளில் கொட்டகை போட்டு, வேலியடைத்து, தன் பெயரில் மின் இணைப்பும் வாங்கிவிட்டார்.

வீடு கட்டப் போனபோது விட மறுத்தார். அவர் தலையிடக் கூடாதென்று தடையுத்தரவு கேட்டேன், வழக்கு தள்ளுபடியானது. "பத்திரம் உங்களுதுதாம்மா. ஆனா அனுபவத்துல இருக்கறது அவரு. எடத்த மீட்கத் தனியா வழக்குப் போடணும்" என்றார் வக்கீல்.

அந்த வழக்கு இன்னும் நடக்கிறது. அந்தப் பக்கம் போனால், "உள்ள வந்து மோர் குடிச்சிட்டுப் போங்கக்கா" என்று என் மனைக்கே என்னை விருந்தாளியாக அழைக்கிறார்.

இப்போது தங்கையின் காலி மனைக்கு வேலி போட்டுப் பூட்டி, புல்லையும் நானே அறுக்கிறேன். மாட்டுக்காரர்கள் கேட்டால் புல்லை வேலிக்கு மேலே தூக்கிக் கொடுக்கிறேன். பூட்டைத் திறப்பதில்லை.